63 வயதில் ஆஸ்கர்... பெறாத பிள்ளைக்குத் தாயாகி ஹாலிவுட்டை அழவைத்த மேரி டிரெஸ்லர்: யார் இவர்?

1931 நவம்பர் 10. லாஸ் ஏஞ்சலஸ் நகரின் பில்ட்மோர் ஹோட்டலில் நான்காவது ஆஸ்கர் விருது விழா நடக்கிறது. பேச்சுக்கு மேல் பேச்சு. ராத்திரி ரொம்ப நேரமாகிவிட்டது. சிறந்த நடிகர் விருதுக்கான போட்டியில் இருந்த ஜாக்கி கூப்பருக்கு வயது வெறும் 9. தூக்கம் தாங்காமல், பக்கத்தில் இருந்த ஒரு வயதான பெண்மணியின் மேல் சாய்ந்து அப்படியே தூங்கிவிட்டான்.

சிறந்த நடிகையின் பெயரை அறிவித்தார்கள். அது அந்தப் பெண்மணியின் பெயர்தான். ஆனால் அவரால் சட்டென எழுந்திருக்க முடியவில்லை. தூங்குகிற பிள்ளையை மெதுவாக அவன் அம்மாவின் மடிக்கு மாற்றிவிட்டு, அதற்குப் பிறகுதான் மேடைக்குப் போனார்.

அவர்தான் மேரி டிரெஸ்லர். முந்தைய நாள்தான் அவருக்கு 63 வயது நிறைந்திருந்தது. விருது வாங்கித் தந்த படம் 'மின் அண்ட் பில்'. தான் பெறாத ஒரு பெண் குழந்தையை வளர்த்து ஆளாக்கி, அவளுக்காக எல்லாவற்றையும் இழக்கிற தாயின் கதை.

சில ஆண்டுகளுக்கு முன்புவரை இவரைத் தேடி யாரும் வரவில்லை. வயதாகிவிட்டது, உடம்பு பருமன், முகத்தில் அழகில்லை... இப்படி மூன்று காரணங்கள். அந்த வயதோடும், அந்த உடம்போடும், அந்த முகத்தோடும்தான் பின்னாளில் அமெரிக்காவின் நம்பர் 1 சினிமா ஸ்டார் ஆனார் டிரெஸ்லர். எப்படி நடந்தது இது?

கனடாவில் பிறந்த லைலா

கனடாவின் ஒன்டாரியோ மாகாணத்தில் கோபர்க் என்று ஒரு ஊர். அங்கே 1868 நவம்பர் 9 அன்று பிறந்தவர் லைலா மேரி கோர்பர். இதுதான் டிரெஸ்லரின் இயற்பெயர். அப்பா இசை ஆசிரியர். ஒரே ஊரில் நிலையாக இருக்க முடியாத குடும்பம். வருமானம் கொஞ்சம், வாடகை வீடுகள் நிறைய.

சின்ன வயதிலேயே தன் உருவத்தைப் பார்த்து மற்றவர்கள் சிரிப்பதை அந்தப் பெண் கவனித்துவிட்டாள். வயதுக்கு மீறிய வளர்த்தி, கனத்த உடம்பு. 5 வயதில் தேவாலய நாடகம் ஒன்றில் மேடை ஏறினாள். எப்படியும் சிரிக்கத்தான் போகிறார்கள், நாமே சிரிக்க வைத்தால் என்ன என்ற கணக்கு அந்த வயதுகளிலேயே அவளுக்குள் விழுந்துவிட்டது.

14 வயதில் வீட்டை விட்டுக் கிளம்பி, ஊர் ஊராகப் போகும் நாடகக் குழு ஒன்றில் சேர்ந்தார். அப்போது உறவினர் ஒருவரின் பெயரிலிருந்து எடுத்துக்கொண்டதுதான் டிரெஸ்லர் என்ற பெயர். அதன்பிறகு பத்தாண்டு காலம் ரயில், லாட்ஜ், மேடை... இதுதான் வாழ்க்கை. கிடைத்த வேடத்தை எல்லாம் போட்டார். பாடினார், ஆடினார், கிழவியாக நடித்தார். பள்ளிப் படிப்பு பாதியில் நின்ற பெண்ணுக்கு இதுதான் பள்ளிக்கூடம்.

வழிகாட்டிய நடிகர்

1892ல் நியூயார்க்கின் பிராட்வே மேடைக்கு வந்தார் டிரெஸ்லர். முதல் நாடகம் சில வாரங்கள்தான் ஓடியது. ஆனால் அந்த நாடகத்தை எழுதிய மாரிஸ் பேரிமோர் ஒரு விஷயத்தைக் கண்டுபிடித்தார். இந்தப் பெண்ணுக்குச் சோக வேடம் வேண்டாம், காமெடிதான் இவருடைய பலம் என்பதே அது. அன்றைய பெரிய நாடக நடிகர்களில் ஒருவர் பேரிமோர். ஹாலிவுட் நடிகர்கள் லயோனல், ஜான், நடிகை எத்தல் ஆகியோரின் அப்பா. இந்தப் பெயரை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் மறுபடி வரும்.

பேரிமோர் சொன்னது பலித்தது. 1896ல் 'தி லேடி ஸ்லேவி' என்ற இசை நாடகம் டிரெஸ்லரை ஸ்டார் ஆக்கியது. 1910ல் வந்த 'டில்லீஸ் நைட்மேர்' அதைவிடப் பெரிய வெற்றி. தங்கும் விடுதி ஒன்றில் மாடாய் உழைக்கும் டில்லி என்ற பெண், தூக்கத்தில் பெரிய பெரிய கனவுகளாகக் காண்கிறாள். இதுதான் கதை. ஓயாமல் வேலை பார்க்கும் பெண்கள் அந்த டில்லியிடம் தங்களைப் பார்த்தார்கள்.

சாப்ளினுக்கு முன்னால் இவர் பெயர்

சினிமா கூப்பிட்டபோது டிரெஸ்லருக்கு வயது 45ஐத் தாண்டியிருந்தது. கூப்பிட்டவர் மாக் சென்னட். கீஸ்டோன் நிறுவனத்தின் தலைவர், கனடாவில் பிறந்தவர். 1914ல் வந்த அந்தப் படம் 'டில்லீஸ் பங்சர்டு ரொமான்ஸ்'. முதல் முழுநீள நகைச்சுவைப் படம் என்று சினிமா வரலாற்றில் குறிப்பிடப்படுவது இதுதான்.

பணத்துக்காகக் கிராமத்துப் பெண்ணை ஏமாற்றும் நகரத்து வில்லனாக அதில் நடித்தவர் யார் தெரியுமா? சார்லி சாப்ளின். அந்த ஆண்டில்தான் சாப்ளின் முகமே திரைக்கு வந்திருந்தது. ஆகவே படத்தின் பெரிய பெயர் டிரெஸ்லர்தான். சாப்ளினும், மேபல் நார்மண்டும் அவருக்குப் பிறகு. அடுத்த சில ஆண்டுகளில் சாப்ளின் எங்கேயோ போய்விட்டார். டிரெஸ்லரோ, டில்லி வேடத்தையே திரும்பத் திரும்பப் போட வேண்டியிருந்தது. அடுத்து வந்த படங்கள் முதல் படம் அளவுக்கு எடுபடவில்லை.

முதல் உலகப்போர் வந்தபோது, அரசின் போர்க்கடன் பத்திரங்களை விற்க 1918ல் சினிமா ஸ்டார்கள் தெருவில் இறங்கினார்கள். சாப்ளின், மேரி பிக்ஃபோர்ட், டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸ் ஆகியோருடன் டிரெஸ்லரும் மேடை மேடையாகப் பேசினார். கூட்டத்தைக் கட்டிப்போடுவது அவருக்குக் கைவந்த கலை. அடுத்த ஆண்டே அந்தத் திறமை வேறு ஒரு இடத்தில் பயன்பட்டது.

ஒரு ஸ்டிரைக்... மூடிய கதவுகள்

1919 ஆகஸ்ட். பிராட்வே நடிகர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள். இதில் ரொம்பவும் நசுங்கிக் கிடந்தவர்கள் கோரஸ் பெண்கள், அதாவது பின்னால் நின்று குழுவாக ஆடிப்பாடும் பெண்கள். வாரக்கணக்கில் ஒத்திகை நடக்கும். அதற்குச் சம்பளம் கிடையாது. மேடையில் போடும் ஷூவையும் காலுறையையும்கூட அவர்களே வாங்க வேண்டும். நாடகம் ஓடவில்லை என்றால் எல்லாமே நஷ்டம்.

டிரெஸ்லர் ஸ்டார். அவருக்கு இந்தப் பிரச்சனை இல்லை. ஆனாலும் அவர் அந்தப் பெண்கள் பக்கம் போய் நின்றார். அவர்களுக்காக உருவான 'கோரஸ் ஈக்விட்டி' சங்கத்தின் முதல் தலைவரானார். வேலைநிறுத்தம் ஒரு மாதத்தில் நடிகர்களின் வெற்றியோடு முடிந்தது.

வெற்றி சங்கத்துக்கு. விலை டிரெஸ்லருக்கு. தயாரிப்பாளர்களின் கோபம் லேசில் தணியவில்லை. கூடவே காலமும் மாறியது. 1920கள் ஜாஸ் இசையின் காலம். ஒல்லியான, குட்டை முடி வைத்த இளம்பெண்கள்தான் மேடைக்கும் திரைக்கும் தேவைப்பட்டார்கள். 50 வயதைத் தாண்டிய, கனத்த உடம்புக்காரருக்கு அங்கே இடமில்லை. நீண்டகாலம் கூட வாழ்ந்து, தொழிலையும் கவனித்துவந்த ஜேம்ஸ் டால்டன் நோய்வாய்ப்பட்டு 1921ல் இறந்துபோனார்.

சில ஆண்டுகளுக்கு முன்னால் ஊரே டிக்கெட் வாங்கிப் பார்த்த நடிகை, நியூயார்க்கில் வேலை தேடும் நிலைக்கு வந்தார். 1924ல் தன் வாழ்க்கைக் கதையை எழுதி வெளியிட்டபோது, தலைப்பிலேயே தன்னை அழகில்லாத வாத்துக்குஞ்சு என்று குறிப்பிட்டுக்கொண்டார். எல்லாம் முடிந்துவிட்டது என்று அவருக்கே தோன்றியிருக்கலாம்.

பழைய உதவி திரும்பி வந்தது

இங்கேதான் பிரான்சஸ் மேரியன் கதைக்குள் வருகிறார். அன்றைய ஹாலிவுட்டில் அதிகச் சம்பளம் வாங்கிய திரைக்கதை ஆசிரியர்களில் ஒருவர். எம்ஜிஎம் ஸ்டுடியோவின் செல்வாக்கு மிக்க பெண்.

பல ஆண்டுகளுக்கு முன்பு, சான் பிரான்சிஸ்கோவில் பத்திரிகை வேலைக்கு வந்த புதுப்பெண்ணாக இருந்தார் பிரான்சஸ். நாடகத்துக்காக வந்திருந்த டிரெஸ்லரைப் பேட்டி எடுக்க அனுப்பினார்கள். அந்தப் பத்திரிகைமீது டிரெஸ்லருக்குக் கோபம், பேட்டி கிடையாது என்றார். பேட்டி இல்லாமல் திரும்பினால் வேலை போய்விடும் என்று அந்தப் பெண் சொன்னதும் மனம் இளகி உட்காரவைத்துப் பேசினார். பிரான்சஸ் பின்னாளில் சொன்ன நிகழ்வு இது.

டிரெஸ்லர் கஷ்டப்படுகிறார் என்று தெரிந்ததும் பிரான்சஸ் பணம் அனுப்பிவிட்டு ஒதுங்கவில்லை. அவருக்காகவே ஒரு படத்தை எழுதினார். 'தி கேலஹன்ஸ் அண்ட் தி மர்ஃபீஸ்'. 1927ல் வெளிவந்தது. ஆனால் சோதனை விடவில்லை. ஐரிஷ் மக்களைக் கேலி செய்கிறது என்று எதிர்ப்பு கிளம்ப, எம்ஜிஎம் படத்தைத் திரும்பப் பெற்றுக்கொண்டது.

படம் போனாலும் டிரெஸ்லர் போகவில்லை. சின்னச் சின்ன வேடங்கள் வந்தன. அதற்குள் சினிமா பேச ஆரம்பித்துவிட்டது. மௌனப்பட ஸ்டார்கள் பலர் மைக்கைப் பார்த்து நடுங்கிய நேரம். டிரெஸ்லருக்கு என்ன பயம்? 40 ஆண்டுக்கும் மேலாகக் கடைசி வரிசைவரை கேட்கும்படி பேசிப் பழகிய தொண்டை அது.

1930ல் 'அன்னா கிறிஸ்டி' வெளியானது. கிரேட்டா கார்போ முதன்முதலாகப் பேசும் படம் என்பதுதான் மொத்த விளம்பரமும். கார்போவின் குரலைக் கேட்க வந்த கூட்டம், துறைமுகத்தில் குடித்துவிட்டுத் திரியும் மார்த்தி என்ற கிழவியை மறக்க முடியாமல் திரும்பியது. அந்த மார்த்திதான் டிரெஸ்லர். திரைக்கதை யார்? அதே பிரான்சஸ் மேரியன். கார்போவை வைத்தே டிரெஸ்லருக்கு வழி திறந்துவிட்டார் தோழி.

'மின் அண்ட் பில்' கதை என்ன?

அதே 1930ன் நவம்பரில் 'மின் அண்ட் பில்' வந்தது. இயக்கியவர் பிரான்சஸின் அப்போதைய கணவர் ஜார்ஜ் ஹில். படம் ஓடும் நேரம் ஒரு மணி நேரத்தைக் கொஞ்சம்தான் தாண்டும்.

மின், துறைமுகத்தில் மலிவான விடுதி நடத்தும் பெண். வருகிறவர்கள் எல்லாம் மாலுமிகள், மீன்பிடிப்பவர்கள், குடிகாரர்கள். பில் ஒரு மீனவர், அங்கேயே சுற்றிக்கொண்டிருப்பவர். அந்த வேடத்தில் வாலஸ் பீரி. பல ஆண்டுகளுக்கு முன், பெல்லா என்ற பெண் தன் கைக்குழந்தையை விட்டுவிட்டுப் போய்விடுகிறாள். அந்தக் குழந்தை நான்சியை மின் வளர்க்கிறாள்.

நான்சி பெரியவளாகிறாள். பள்ளிக்கூடம் ஒழுங்காகப் போவதில்லை. இந்த இடத்தில் வளர்ந்தால் பெண் என்ன ஆவாள் என்று அதிகாரிகள் கேட்கிறார்கள். மின்னுக்கும் அந்தப் பயம் இருக்கிறது. அதனால் நான்சியைப் பள்ளித் தலைமையாசிரியர் வீட்டுக்கு அனுப்புகிறாள், பிறகு விடுதியில் தங்கிப் படிக்க வைக்கிறாள். போக மாட்டேன் என்று அழும் பிள்ளையிடம் பாசத்தைக் காட்டினால் அவள் போகமாட்டாள். ஆகவே பாசமே இல்லாதவள் மாதிரி நடந்துகொள்கிறாள்.

நான்சிக்குப் பணக்காரக் குடும்பத்தில் நல்ல மாப்பிள்ளை அமைகிறது. சரியாக அந்த நேரத்தில் பெற்ற தாய் பெல்லா திரும்பி வருகிறாள். மகளுக்கு வந்த வாழ்வில் பணம் பறிக்கலாம் என்பது அவள் திட்டம். மின் தடுக்கிறாள். கைகலப்பு முற்றுகிறது. துப்பாக்கி வெடிக்கிறது. பெல்லா இறக்கிறாள்.

கடைசிக் காட்சி. புதுமணத் தம்பதி கப்பல் ஏறுகிறார்கள். கூட்டத்தோடு கூட்டமாக நின்று மின் பார்க்கிறாள். நான்சிக்குத் தன்னைப் பெற்றவள் யார் என்றும் தெரியாது, வளர்த்தவள் என்ன செய்தாள் என்றும் தெரியாது. பிள்ளை போகிறாள் என்ற வலியும், பிழைத்துப் போகிறாள் என்ற நிம்மதியும் ஒரே முகத்தில். அப்போதுதான் போலீஸ் வருகிறது. மின் மறுபேச்சில்லாமல் நடக்கிறாள்.

வழக்கமான அம்மா வேடத்திலிருந்து என்ன வித்தியாசம்?

தாய்ப்பாசப் படங்கள் ஹாலிவுட்டுக்குப் புதிதல்ல. 1920ல் 'ஓவர் தி ஹில் டு தி புவர்ஹவுஸ்' படத்தில், பிள்ளைகளால் கைவிடப்பட்டு முதியோர் காப்பகத்துக்குப் போகும் தாயாக மேரி கார் நடித்தார். மக்கள் அழுது தீர்த்தார்கள். 1925ல் வந்த 'ஸ்டெல்லா டல்லாஸ்' படத்தில், மகளின் நல்வாழ்வுக்காகத் தாய் தானே விலகிப்போகிறாள். அதற்குத் திரைக்கதை எழுதியதும் பிரான்சஸ் மேரியன்தான்.

இந்தப் படங்களுக்கு என்று ஒரு சூத்திரம் இருந்தது. வெள்ளை முடி, கலங்கிய கண், மெல்லிய குரல். அம்மா என்றால் பொறுமை. பிள்ளை என்ன செய்தாலும் தாங்குவாள்.

மின் அப்படிப்பட்டவள் இல்லை. கத்துவாள், அடிப்பாள், குடிப்பவர்களோடு குடிப்பாள். தப்புச் செய்த பில்லை அறை முழுக்கத் துரத்தித் துரத்தி உதைக்கும் காட்சியில் தியேட்டரே சிரித்தது. பெண் என்றால் இப்படி இருக்க வேண்டும் என்று சினிமா சொன்ன எதுவுமே அவளிடம் இல்லை. ஆனால் ஒரு பிள்ளைக்குத் தாய் செய்ய வேண்டிய அத்தனையையும் செய்தவள் அவள்தான். பெற்றவள் அழகாக உடுத்திக்கொண்டு வந்து பணம் கேட்கிறாள். வளர்த்தவள் அழுக்கு ஸ்வெட்டரோடு நின்று ஜெயிலுக்குப் போகிறாள்.

இதை நம்பவைக்க டிரெஸ்லரின் முகம் தேவைப்பட்டது. சுருக்கம், தொங்கும் கன்னம், பெரிய உடம்பு... இத்தனை ஆண்டுகளாக ஜனங்கள் பார்த்துச் சிரித்த அதே உடம்பு. முதல் பாதியில் அதை வைத்துச் சிரிக்க வைத்தார். கடைசியில் அதே முகத்தை வைத்து அழவைத்தார். மேடையில் கற்ற காமெடி டைமிங்தான் இரண்டுக்கும் உதவியது. எந்த நொடியில் சிரிப்பை நிறுத்த வேண்டும் என்பது அவருக்குத் தெரியும்.

கதைக்குப் பின்னால் இன்னொரு ரகசியத் தாய்

இந்தப் படத்துக்குப் பின்னால் இன்னொரு உண்மைக் கதை இருக்கிறது. படத்தைப் பார்த்து அழுதவர்களுக்குத் தெரியாத கதை.

'மின் அண்ட் பில்' படத்துக்கு அடிப்படை 'டார்க் ஸ்டார்' என்ற நாவல். எழுதியவர் லோர்னா மூன். ஸ்காட்லாந்தில் பிறந்து ஹாலிவுட்டில் திரைக்கதை எழுதியவர், பிரான்சஸின் தோழி. லோர்னாவுக்குக் காசநோய் முற்றியிருந்தது. அந்தச் சமயத்தில் பிரான்சஸ் எம்ஜிஎம்மிடம் பேசி நாவலை வாங்க வைத்தார். திரைக்கதையில் நாவல் அடையாளம் தெரியாத அளவுக்கு மாறிவிட்டது. ஸ்காட்லாந்து கிராமம் போய் அமெரிக்கத் துறைமுகம் வந்தது. நான்சி என்ற பெயர் மட்டும் தங்கியது. 1930 மே 1 அன்று லோர்னா இறந்துபோனார். படம் வெளிவந்ததை அவர் பார்க்கவில்லை.

லோர்னாவுக்கு 1922ல் ஓர் ஆண் குழந்தை பிறந்திருந்தது. அப்பா, இயக்குநர் வில்லியம் டெமில். ஏற்கெனவே திருமணமானவர். விஷயம் வெளியே தெரியாமல் இருக்க, வில்லியமின் தம்பியும் புகழ்பெற்ற இயக்குநருமான செசில் பி. டெமில் வீட்டில் அந்தக் குழந்தை வளர்ந்தது. ரிச்சர்ட் என்று பெயர். பெரியப்பா என்று நினைத்தவர்தான் தன் அப்பா என்பது, 1955ல் வில்லியம் இறந்த பிறகே ரிச்சர்டுக்குத் தெரியவந்தது. தன்னைப் பெற்ற தாயைப் பற்றி 1998ல் அவர் ஒரு புத்தகமே எழுதினார்.

படத்தில், பெற்ற தாய் வில்லி. நிஜத்தில், பிள்ளையைப் பிரிந்த தாய் நோயாளி, சமூகத்துக்குப் பயந்து வாய்மூடிக் கிடந்தவர். சினிமா ஒரு பக்கத்தைத்தான் காட்டியது.

மூன்று வருஷம், மூன்று கனடாப் பெண்கள்

ஆஸ்கர் மேடைக்கு வருவோம். அன்று டிரெஸ்லருக்கு விருது கொடுத்தவர், முந்தைய ஆண்டு அதே விருதை வென்ற நார்மா ஷியரர். அவரும் கனடாவில் பிறந்தவர். அதற்கு முன் வென்ற மேரி பிக்ஃபோர்டும் கனடாக்காரர்தான். அடுத்தடுத்து மூன்று முறை சிறந்த நடிகை விருதைக் கனடாவில் பிறந்த பெண்களே வாங்கியிருக்கிறார்கள்.

அதே இரவில் சிறந்த நடிகர் விருதை வாங்கியவர் லயோனல் பேரிமோர். ஆம், சுமார் 40 ஆண்டுகளுக்கு முன் டிரெஸ்லருக்கு வழிகாட்டிய மாரிஸ் பேரிமோரின் மகன்.

63 வயதில் சிறந்த நடிகை என்ற டிரெஸ்லரின் சாதனை அரை நூற்றாண்டு நிலைத்தது. 1982ல் கேத்ரின் ஹெப்பர்ன் 74 வயதில் வென்றபோதுதான் அது முறிந்தது.

கிளாமர் நாயகிகளைத் தாண்டி நம்பர் 1

அடுத்து 1932ல் 'எம்மா'. இதுவும் பிரான்சஸ் மேரியனின் கதை. பிரசவத்தில் தாய் இறந்துவிட, வேலைக்காரியான எம்மா அந்த வீட்டுப் பிள்ளைகள் நான்கு பேரையும் வளர்க்கிறாள். வயதான காலத்தில் முதலாளி அவளைத் திருமணம் செய்துகொண்டு, சொத்தை அவள் பெயரில் எழுதிவைத்துவிட்டு இறக்கிறார். வளர்த்த பிள்ளைகளே அவள்மீது கொலைப்பழி போடுகிறார்கள். கடைக்குட்டி ஒருவன் மட்டும் அவள் பக்கம். வழக்கில் ஜெயித்த எம்மா, சொத்தை எல்லாம் அந்தப் பிள்ளைகளுக்கே கொடுத்துவிட்டு, குழந்தை இருக்கும் வேறு ஒரு வீட்டுக்கு வேலைக்குப் போகிறாள். மறுபடியும் பெறாத தாய்!

இந்தப் படத்துக்கும் டிரெஸ்லர் ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டார். இந்த முறை விருது ஹெலன் ஹேஸுக்குப் போனது. 'தி சின் ஆஃப் மாடெலான் கிளாடெட்' படத்தில் அவர் நடித்ததும், மகனுக்காகத் தன்னையே அழித்துக்கொள்ளும் ஒரு தாயாகத்தான்.

அமெரிக்கா அப்போது பெரும் பொருளாதார வீழ்ச்சியில் இருந்தது. வேலை இல்லை, வங்கிகள் மூடப்பட்டுக்கொண்டிருந்தன. கையில் இருக்கும் கொஞ்சம் காசைக் கொடுத்துத் தியேட்டருக்கு வந்தவர்கள் யாரைப் பார்க்க விரும்பினார்கள்? யார் படத்துக்குக் கூட்டம் வருகிறது என்று தியேட்டர் உரிமையாளர்களிடம் எடுத்த வாக்கெடுப்பில், 1932, 1933 இரண்டு ஆண்டுகளும் முதலிடம் மேரி டிரெஸ்லருக்கு. கிரேட்டா கார்போ, ஜோன் கிராஃபோர்ட் எல்லாம் அவருக்குக் கீழேதான். 1933 ஆகஸ்டில் 'டைம்' இதழின் அட்டையில் அவர் படம் வந்தது.

கஷ்டகாலத்தில் மக்களுக்குக் கனவுக்கன்னியைவிட, விழுந்தாலும் எழுந்து நிற்கும் ஒரு கிழவியின் முகம் தெம்பு கொடுத்தது. அந்த எழுந்து நிற்றல் நடிப்பு மட்டுமல்ல என்பதும் ஜனங்களுக்குத் தெரிந்திருந்தது.

1933ல் 'டக்போட் ஆனி' படத்தில் குடிகாரக் கணவனையும் இழுவைப் படகையும் சேர்த்து இழுக்கும் பெண்ணாக வந்தார். அதே ஆண்டில் 'டின்னர் அட் எய்ட்'. அதில் வயதான நாடக நடிகை வேடம். படத்தின் கடைசியில் ஜீன் ஹார்லோ சொல்லும் ஒரு பேச்சைக் கேட்டு டிரெஸ்லர் திடுக்கிட்டு நிற்கும் காட்சி இன்றும் காமெடி நடிப்புக்கு உதாரணமாகக் காட்டப்படுகிறது. அந்தப் படத்தில் கூட நடித்தவர்கள் லயோனல், ஜான் என இரண்டு பேரிமோர்கள்.

மறைக்கப்பட்ட நோய்

உச்சத்தில் இருந்தபோதே உடம்பு கைவிட ஆரம்பித்தது. புற்றுநோய். எம்ஜிஎம் தலைவர் லூயிஸ் பி. மேயருக்கு மருத்துவர் மூலம் விஷயம் தெரிந்ததாகவும், டிரெஸ்லரிடம் சொல்ல வேண்டாம் என்று அவர் கேட்டுக்கொண்டதாகவும் சொல்லப்படுகிறது. வெளியூர்ப் பயணம் போகக் கூடாது என்று ஸ்டுடியோ தடுத்தபோது, காரணம் தெரியாமல் டிரெஸ்லர் கோபப்பட்டாராம்.

அது அக்கறையா, அல்லது நன்றாக ஓடும் ஸ்டாரைக் காப்பாற்றிக்கொள்ளும் வியாபாரமா? இரண்டும் கலந்தே இருந்திருக்கலாம். ஆனால் தன் உடம்பில் என்ன நடக்கிறது என்று தெரிந்துகொள்ளும் உரிமை ஒரு பெண்ணிடமிருந்து பறிக்கப்பட்டது என்பதை மறுக்க முடியாது. நடிகர்களின் வாழ்க்கையையே ஸ்டுடியோக்கள் கையில் வைத்திருந்த காலம் அது.

1934 ஜூலை 28 அன்று கலிபோர்னியாவின் சாண்டா பார்பராவில் மேரி டிரெஸ்லர் காலமானார். வயது 65. பேசும் படத்தில் அவர் புகழோடு இருந்தது நான்கே ஆண்டுகள்தான். அதற்கு முன் உழைத்தது 45 ஆண்டுகளுக்கும் மேல்.

உயிலில் என்ன இருந்தது?

திரையில் இத்தனை பிள்ளைகளை வளர்த்த டிரெஸ்லருக்கு, கூடவே வைத்து வளர்க்கச் சொந்தப் பிள்ளை இல்லை. சொத்தில் பெரும்பகுதி அக்காவுக்குப் போனது. உயிலில் இன்னொரு பெயரும் இருந்தது. சுமார் 20 ஆண்டுகள், நல்ல காலத்திலும் கெட்ட காலத்திலும் கூடவே இருந்த கறுப்பினப் பணிப்பெண். அவருக்கு 35,000 டாலரும், அவர் கணவருக்கு 15,000 டாலரும் எழுதிவைத்திருந்தார். அந்தக் காலத்தில் அது மிகப்பெரிய தொகை.

அமெரிக்காவின் தென் மாநிலங்களில் கறுப்பின மக்கள் பயணம் போனால் பெரும்பாலான ஹோட்டல்களில் இடம் தர மாட்டார்கள். சட்டமே அவர்களைப் பிரித்து வைத்திருந்த காலம். அவர்கள் நிம்மதியாகத் தங்க ஒரு இடம் வேண்டும் என்பது டிரெஸ்லரின் விருப்பம். அந்தத் தம்பதி 1936ல் ஜார்ஜியா மாநிலத்தின் சவானா நகரில் ஒரு கேளிக்கை விடுதியையும், பக்கத்திலேயே பயணிகள் தங்கும் அறைகளையும் கட்டித் திறந்தார்கள்.

'மின் அண்ட் பில்' படத்தில் மின் நடத்தியதும் ஒரு விடுதிதான். போக்கிடம் இல்லாதவர்கள் வந்து தங்கும் விடுதி. அது படத்துக்காகப் போட்ட செட். சவானாவில் எழுந்தது நிஜம்.